ஒரே கூரைக்குள் கோயிலும் பள்ளிக்கூடமும்: திருநெல்வேலிச் சீமையின் சபைப் பள்ளிகள்

கேள்வி இது: "வேலை மாற்றலில் பாளையங்கோட்டைக்கு வருகிறோம். மகள் ஆறாம் வகுப்பு, மகன் மூன்றாம் வகுப்பு. இரண்டு பேரையும் ஒரே பள்ளியில் சேர்க்க ஆசை. ஆங்கிலிக்கன் சபை நடத்தும் தனியார் பள்ளிகள் அங்கே நிறைய உண்டாமே? அவற்றின் வரலாறு என்ன, உள்ளே பிள்ளைகளுக்கு நாள் எப்படிப் போகும், ஆணும் பெண்ணும் சேர்ந்து படிப்பது அந்தப் பக்கம் வழக்கம்தானா?"

வரலாறு சொல்லித்தந்தே தலை நரைத்தவன் நான். பதில் கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் பெயரைச் சரிசெய்வோம். பாளையங்கோட்டை பஸ் ஸ்டாண்டில் இறங்கி 'ஆங்கிலிக்கன் ஸ்கூல் எங்கே இருக்கு' என்று கேட்டால் ஆட்டோக்காரர் முழிப்பார். 'சி.எஸ்.ஐ. ஸ்கூல்' என்றால் 'எதுன்னு சொல்லுங்க, ஏகப்பட்டது கிடக்கே' என்பார். ஆங்கிலிக்கன், அதாவது இங்கிலாந்துத் திருச்சபை வழி, என்ற தனிப்பெயர் இங்கே வழக்கொழிந்து முக்கால் நூற்றாண்டு தாண்டிவிட்டது. 1947 செப்டம்பர் 27-ஆம் தேதி சென்னையில் ஆங்கிலிக்கன், மெதடிஸ்ட் முதலான சபைகள் ஒன்றுகூடித் தென்னிந்தியத் திருச்சபை ஆனபோது திருநெல்வேலிச் சபையும் அதற்குள் போய்விட்டது. திருநெல்வேலித் திருமண்டலம் (ஒரு பேராயரின் ஆளுகைப் பகுதி) 2003-இல் இரண்டாகி, தூத்துக்குடி–நாசரேத் தனியாகப் பிரிந்தது. கிராமத்துத் தொடக்கப்பள்ளிகளின் பலகையில் 'டி.டி.டி.ஏ.' என்று எழுதியிருக்கும். திருநெல்வேலி டயோசீசன் டிரஸ்ட் அசோசியேஷன் என்பதன் சுருக்கம் அது. படிக்கிற பிள்ளைக்கும் விரிவு தெரியாது, வாத்தியாருக்கும் சில சமயம் தெரியாது.

'தனியார்' என்ற சொல்லிலும் ஒரு சிக்கு உண்டு. அரசாங்கம் சம்பளம் கொடுக்கும் உதவிபெறும் பள்ளியும் சட்டத்தின் கண்ணில் தனியார் பள்ளிதான். நீங்கள் மனதில் வைத்திருப்பது கட்டணம் வாங்கும் மெட்ரிகுலேஷன் பள்ளியாக இருக்கும். இரண்டும் ஒரே சபையின் கையில் இருக்கலாம், ஒரே சுற்றுச்சுவருக்குள்கூட இருக்கலாம். ஆனால் இரண்டும் வேறு உலகம்.

இனி உங்கள் கடைசிக் கேள்வியை முதலில் எடுக்கிறேன். அண்ணன் தங்கை, அக்கா தம்பி ஒரே பள்ளியில் படிப்பது இங்கே ஆங்கில வழிக் கல்வியோடு வந்த புது நாகரிகம் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. பாளையங்கோட்டையின் பெரிய பெயர்களைப் பார்த்தால்தான் அப்படித் தோன்றும். செயிண்ட் ஜான்ஸ் ஆண்களுக்கென்று வளர்ந்தது. சாராள் தக்கரும் மேரி சார்ஜெண்டும் பெண்களுக்கென்று எழுந்தவை. திருநெல்வேலி டவுனில் இருக்கும் ஷாப்டரும் ஆண்கள் பள்ளியாக வளர்ந்ததுதான். 'தென்னிந்தியாவின் ஆக்ஸ்போர்டு' என்று ஊருக்குப் பட்டம் வாங்கிக் கொடுத்தவை இவையெல்லாம். அந்தப் பெருமையில் எனக்கும் பங்குண்டு என்றாலும், சேர்ந்து படிக்கும் பழக்கம் பிறந்தது இந்தப் பெரிய கட்டடங்களில் இல்லை. அது பிறந்தது பனையோலைக் கூரைக்குக் கீழே.

நான் ஐந்தாம் வகுப்புவரை படித்த பள்ளி தேரிக்காட்டு, அதாவது செம்மணல் காட்டு, ஓரத்தில் இருந்தது. ஒரே ஒரு நீளக் கூடம். கிழக்குக் கோடியில் பீடம். திங்கள் முதல் வெள்ளிவரை அதை ஒரு வெள்ளைத் திரை மூடியிருக்கும். ஞாயிற்றுக்கிழமை திரை விலகும், தரையில் பாய் விழும், ஆண்கள் ஒரு பக்கமும் பெண்கள் ஒரு பக்கமும் உட்கார்ந்து ஆராதனை நடக்கும். மறுநாள் காலை அதே தரையில், அதே இரண்டு பக்கத்தில், நாங்கள். நடுவில் ஆள் நடக்கிற அகலத்துக்கு வழி. அந்த வழியில்தான் வாத்தியார் பிரம்போடு போவார், வருவார். சபையைக் கவனித்து ஜெபம் நடத்தும் உபதேசியாரும் அவரே. காலையில் வாய்ப்பாடு கேட்பார், பொழுது சாய்ந்தால் ஜெபம் சொல்லுவார், ஊரில் சண்டை என்றால் மத்தியஸ்தமும் அவரே. மணி என்று தனியாக ஒன்று கிடையாது. வேப்பமரத்தில் தொங்கிய தண்டவாளத் துண்டுதான் கோயிலுக்கும் மணி, பள்ளிக்கும் மணி.

ஒன்றாம் வகுப்புக்குச் சிலேட்டு அப்புறம்தான். முதலில் மணல். தேரி மணல் சிவப்பாக, மாவு மாதிரி இருக்கும். அதைப் பரப்பி விரலால் 'அ' எழுதவேண்டும். தப்பென்றால் வாத்தியார் காலால் ஒரு தள்ளு, எழுத்து போய்விடும். பதநீர்க் காலம் வந்தால் பாதி வருகை இருக்காது. அப்பா பனையேறினால் மகன் கலயம் சுமக்கவேண்டும், மகள் அடுப்புக்குச் சருகு தள்ளவேண்டும். பதநீர் காய்ந்து கூப்பனி (பாகு) பதம் வந்ததும் சிரட்டையில் ஊற்றி ஆறவைக்கிற வேலை வேறு. அந்த மாதங்களில் வகுப்புக்கு வருகிற ஒன்றிரண்டு பேரின் விரலிலும் கருப்பட்டி வாசம் இருக்கும். ஆண்பிள்ளைக்குத் தனிப் பள்ளி, பெண்பிள்ளைக்குத் தனிப் பள்ளி என்று வைக்க அந்த ஊரில் யாருக்கு வக்கிருந்தது? கூடம் ஒன்று, வாத்தியார் ஒருவர். சேர்ந்துதான் படித்தார்கள். வறுமை செய்த இருபாலர் பள்ளி அது.

இந்த வழக்கத்துக்கு வேர் இருநூறு வருஷத்துக்கு முன்னால் போகிறது. பாளையங்கோட்டைச் சபையின் தொடக்கமே ஒரு பெண். தஞ்சாவூர்ப் பக்கத்துப் பிராமண விதவை, ஞானஸ்நானப் பெயர் குளோரிந்தா. 1778-இல் மிஷனரி சுவார்ட்ஸ் ஐயர் ஞானஸ்நானம் கொடுத்தார் (சபை வழக்கில் ஐயர் என்றால் பாதிரியார்). அந்த அம்மாள் கட்டிய கோயிலைப் 'பாப்பாத்தி அம்மாள் கோயில்' என்றே ஊர் சொல்லும். 1816-இல் ராணுவக் குருவாக வந்த ஜேம்ஸ் ஹஃப் பள்ளிகள் தொடங்கினார், சி.எம்.எஸ். (சர்ச் மிஷனரி சொசைட்டி) சங்கத்துக்கு எழுதி ஆள் கேட்டார். அப்படி 1820-இல் வந்தவர் ரேனியஸ்.

ரேனியஸைப் பற்றி நின்று பேசவேண்டும். அவர் ஆங்கிலேயரே இல்லை, பிரஷ்யாக்காரர். லுத்தரன் குருப்பட்டம் பெற்றவர். தமிழை நம்மைவிட ஒழுங்காக இலக்கணத்தோடு கற்றவர். ஒரு ஊரில் நாலு குடும்பம் சேர்ந்தால் உடனே ஜெபவீடும் பள்ளியும் ஒன்றாக எழும்பவேண்டும் என்பது அவர் முறை. அப்படித்தான் நான் மேலே சொன்ன கூடங்கள் சீமை முழுக்கப் பரவின. பாளையங்கோட்டையில் 1826-இல் அவர் எழுப்பிய திரித்துவக் கோயிலைத்தான் இன்று ஊசிக்கோபுரம் என்கிறோம். இங்கிலாந்துத் திருச்சபையின் முறைகளைக் குறைசொல்லி எழுதப்போய், 1835-இல் சங்கம் அவரை விலக்கிவிட்டது. மூன்று வருஷத்தில் இறந்தார். ஆக, நீங்கள் 'ஆங்கிலிக்கன் பள்ளி' என்று கேட்கிறீர்களே, அதற்கு இங்கே கால்கோள் போட்டவரை ஆங்கிலிக்கன் சங்கமே வீட்டுக்கு அனுப்பியது.

இன்னொரு விஷயம். அவருடைய செமினரியில், அதாவது உபதேசியார்களையும் வாத்தியார்களையும் உருவாக்கும் பள்ளியில், தங்கிப் படித்த மேல்சாதிப் பையன்கள் மற்றவர்களோடு பந்தியில் உட்கார மாட்டோம் என்றார்கள். தனிப்பந்தி போட்டுச் சமாளிக்கிற வித்தை அன்றைக்கும் எல்லோருக்கும் தெரிந்ததுதான். ரேனியஸ் அதைச் செய்யவில்லை. பள்ளியைக் கலைத்துப் பிள்ளைகளை ஊருக்கு அனுப்பினார். சேர்ந்து சாப்பிடச் சம்மதித்தவர்களை வைத்து மறுபடி தொடங்கினார். அதோடு சாதி ஒழிந்துவிட்டதா என்று கேட்காதீர்கள். அந்தக் கதையைப் பின்னால் சொல்கிறேன்.

சி.எம்.எஸ். ஒரு பக்கம், எஸ்.பி.ஜி. (சொசைட்டி ஃபார் தி ப்ராபகேஷன் ஆஃப் தி காஸ்பல்) இன்னொரு பக்கம். இரண்டும் ஆங்கிலிக்கன் சங்கங்கள்தான், ஆனால் பாத்திரம் வேறு. பாளையங்கோட்டை, மெஞ்ஞானபுரம், டோனாவூர், சுவிசேஷபுரம் எல்லாம் சி.எம்.எஸ். முதலூர், நாசரேத், இடையன்குடி, சாயர்புரம் எஸ்.பி.ஜி. ஊர்ப்பெயர்களைக் கவனியுங்கள், பாதி வேதாகமம், பாதி வெள்ளைக்காரன் பெயர். முதலூர் என்றால் முதலில் உண்டான கிறிஸ்தவ ஊர், 1799-இல். இன்றைக்கு அந்தப் பெயரைச் சொன்னால் ஜனங்களுக்கு மஸ்கோத் அல்வாதான் ஞாபகம் வருகிறது. அதுவும் சாப்பிட்டுப் பார்க்கவேண்டியதுதான்.

ஐந்தாம் வகுப்போடு கிராமத்துக் கூடம் முடியும். அங்கேதான் பாதை பிரிந்தது. பையன்கள் செமினரிக்குப் போனார்கள். சாயர்புரத்தில் ஜி.யு. போப் நடத்தியது அப்படிப்பட்ட ஒன்று. பின்னாளில் திருக்குறளை ஆங்கிலத்தில் 1886-இல் தந்தவர் அவரே. அதே சாயர்புரத்துக்கு 1853-இல் தமிழாசிரியராக வந்தார் கரையிருப்பு எச்.ஏ. கிருஷ்ண பிள்ளை, வைணவக் குடும்பத்துப் புலவர். வந்த ஐந்து வருஷத்தில் ஞானஸ்நானம் பெற்றார். சம்பளத்துக்கு இந்துப் புலவரை அழைத்து வந்து கிறிஸ்தவப் பிள்ளைகளுக்குத் தமிழ் சொல்லித்தருவது அப்போதே நடந்திருக்கிறது. இன்றும் எங்கள் பள்ளிகளின் தமிழ் ஐயாக்களில் நெற்றியில் திருநீறோடு வந்தவர்கள் எத்தனையோ பேர்.

பெண்பிள்ளைகளுக்கு போர்டிங் நடத்தியவர்கள் பெரும்பாலும் மிஷனரிமாரின் மனைவிகள். கால்டுவெல் 1841-இல் இடையன்குடிக்கு வந்தார், ஒப்பிலக்கணம் எழுதினார், பேராயரானார் என்பதெல்லாம் பாடப்புத்தகத்தில் இருக்கிறது. அவர் மனைவி எலைசா அம்மாள் அங்கே பெண்களைத் தங்கவைத்துப் படிக்கவைத்தது, லேஸ் பின்னக் கற்றுக்கொடுத்தது பாடப்புத்தகத்தில் இல்லை. நாகர்கோவில் மிஷனரி மால்ட் ஐயரின் மகள் அவர், பிறந்து வளர்ந்ததே இந்தப் பக்கம்தான், தமிழ் அவருக்கு வாயில் வந்த தமிழ். லேஸ் என்றால் பொழுதுபோக்கு இல்லை, கூலி. மகள் கையில் காசு வருகிறது என்று தெரிந்தபின் அப்பன்மார் போர்டிங்குக்கு அனுப்பினார்கள். மெஞ்ஞானபுரத்தில் ஜான் தாமஸ் ஐயர் வெறும் மணற்காட்டில் கிணறு வெட்டி மரம் வளர்த்து 192 அடிக் கோபுரம் எழுப்பினார். அந்த ஊரிலும் பெண்கள் பள்ளி எழும்பியது. பின்னாளில் முதல் இந்திய ஆங்கிலிக்கன் பேராயரான வேதநாயகம் சாமுவேல் அசரியா பக்கத்து வெள்ளாளன்விளையில் 1874-இல் பிறந்தவர், மெஞ்ஞானபுரம் போர்டிங்கில் படித்தவர்.

சாராள் தக்கர் கதை எனக்கு மிகவும் பிடித்தது. அந்த அம்மாள் இந்தியாவுக்கே வந்ததில்லை. உடல்நலம் குன்றியவர். சென்னையில் சி.எம்.எஸ். செயலராக இருந்த அண்ணன் ஜான் தக்கர் சொன்னவற்றையும் எழுதியவற்றையும் கேட்டு, இந்தச் சீமைக்காக இங்கிலாந்தில் உட்கார்ந்தே எழுதினார், பணம் சேர்த்தார். அவர் இறந்தபின் தோழிகள் நிதி திரட்டி அவர் பெயரில் ஆசிரியைப் பயிற்சிப் பள்ளி வைத்தார்கள். அதுவே 1895-இல் கல்லூரியாயிற்று. பாளையங்கோட்டையில் காதுகேளாதோர் பள்ளியைத் தொடங்கிய பிளாரன்ஸ் சுவெயின்சனும் பார்வையற்றோர் பள்ளியைத் தொடங்கிய ஆஸ்க்வித் அம்மாளும் சாராள் தக்கர் வட்டாரத்து ஆசிரியைகளே. இரண்டும் 19-ஆம் நூற்றாண்டின் கடைசிப் பத்தாண்டில் எழுந்தவை. இன்றும் பாளையங்கோட்டையில் நடக்கின்றன.

நாசரேத்தில் மர்காஷியஸ் ஐயர் 1876 முதல் 1908-இல் இறக்கும்வரை இருந்தார். வந்த கையோடு தாதுவருஷப் பஞ்சம். அநாதைப் பிள்ளைகள் குவிந்தார்கள். வெறும் எழுத்தைக் கற்றுக்கொடுத்து இவர்களை என்ன செய்வது என்று தொழிற்பள்ளி வைத்தார்.

இப்படி உண்டான பயிற்சிப் பள்ளிகள் சீமைக்கு ஒரு குலத்தொழிலையே கொடுத்தன: வாத்தியார் வேலை. அப்பா வாத்தியார், அம்மா டீச்சர், அத்தை டீச்சர் என்று குடும்பம் குடும்பமாக. 1854-க்குப் பின் அரசாங்க மானியம் வந்தது, சபைக்குப் பாரம் குறைந்தது. 1956-இல் காமராஜர் எட்டயபுரத்தில் மதிய உணவைத் தொடங்கியபின், பதநீர்க் காலத்திலும் பிள்ளைகள் வந்தார்கள்.

1978-இல் பல்கலைக்கழகங்களிடமிருந்த மெட்ரிகுலேஷன் தனி வாரியத்துக்கு வந்தது, பிளஸ் டூவும் வந்தது. ஆங்கில வழி கேட்டு ஜனம் அலைந்தது. சபையும் நர்சரி, மெட்ரிக் என்று இறங்கியது. இவை பெரும்பாலும் இருபாலர் பள்ளிகளாகவே தொடங்கின. உங்களுக்குப் பொருந்துவது இந்த வகைதான். பழைய கூடத்தின் வாரிசு என்று நான் சொல்வது இதைத்தான். வகுப்பறையில் போய்ப் பாருங்கள், பையன்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம், நடுவில் அதே வழி. பிரம்பு மட்டும் இல்லை.

அன்றாடம் எப்படி என்று கேட்டீர்கள். காலை ஒன்பதை ஒட்டி அசெம்பிளி. தமிழ்த்தாய் வாழ்த்து, ஒரு கீர்த்தனை அல்லது பாமாலை, ஒரு வசனம், பிறகு 'பரமண்டலங்களிலிருக்கிற எங்கள் பிதாவே'. மேலப்பாளையத்திலிருந்து வரும் முஸ்லிம் பிள்ளைகளுக்கும் டவுனிலிருந்து வரும் சைவப் பிள்ளைகளுக்கும் இது தலைகீழ்ப் பாடம். யாரும் மதம் மாறியதாக நான் பார்த்ததில்லை, ஆனால் முப்பது வருஷம் கழித்தும் ஒரு வரி விடாமல் சொல்கிறார்கள். கிறிஸ்தவப் பிள்ளைகளுக்கு வேதபாடம், மற்றவர்களுக்கு நன்னெறி. விளையாட்டு விழாவில் அணிகளுக்குக் கால்டுவெல், போப், ரேனியஸ் என்று பெயர் இருந்தால் ஆச்சரியப்படாதீர்கள். 'ரேனியஸ் தோத்துட்டான்' என்று மூன்றாம் வகுப்புப் பையன் கத்துவதைக் கேட்க எனக்கு எப்போதும் சிரிப்பு வரும்.

சபைப் பள்ளி என்றாலும் நெல்லையப்பர் ஆனித் தேருக்கு லீவு உண்டு, மாவட்டத்துக்கே உள்ளூர் விடுமுறை. மெஞ்ஞானபுரம் பக்கம் போனால் புரட்டாசியில் குலசை (குலசேகரன்பட்டினம்) தசராவுக்கு மாலை போட்ட பையன்கள் செருப்பில்லாமல் வருவார்கள். அதே பையன் டிசம்பரில் கிறிஸ்துமஸ் நாடகத்தில் தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு மேய்ப்பனாக நிற்பான். சாஸ்திரிகள் மூன்று பேருக்கும் யாராவது ஒரு அம்மாவின் பட்டுச்சேலைதான் அங்கி.

குறைகளையும் சொல்லாவிட்டால் நியாயமில்லை. ரேனியஸ் கலைத்த பந்தி வேறு உருவத்தில் திரும்பி வந்துகொண்டே இருக்கிறது. இந்த மாவட்டத்தில் பிள்ளைகள் கையில் கட்டும் கலர்க் கயிற்றுக்குச் சாதி அர்த்தம் உண்டு, கிறிஸ்தவப் பிள்ளைகளும் விதிவிலக்கில்லை. 2023-இல் நாங்குநேரியில் சாதிவெறியில் ஒரு மாணவனைச் சக மாணவர்களே வீடுபுகுந்து வெட்டிய கொடுமைக்குப் பின் அமைக்கப்பட்ட நீதியரசர் சந்துரு குழு 2024-இல் கொடுத்த அறிக்கை இந்தக் கயிற்றையும் தடுக்கச் சொன்னது. நான் வேலை பார்த்த ஓர் இடத்தில் சபை நிர்வாகத் தேர்தல் வந்தால் ஸ்டாஃப் ரூமில் டீ குடிக்கும் கூட்டம் இரண்டாகிவிடும். பாடம் நடக்கும், ஆனால் மனசு அதில் இருக்காது. பள்ளியைப் பார்க்கப் போகும்போது தாளாளர் அறையைவிட ஸ்டாஃப் ரூமைக் கவனியுங்கள். பிள்ளைகள் மத்தியானம் யார் யாரோடு உட்கார்ந்து டிபன் பாக்ஸைத் திறக்கிறார்கள் என்று பாருங்கள். ஒரு பள்ளியைப் பற்றி எனக்கு அதைவிட நல்ல சோதனை தெரியாது.

பணம் பற்றி இரண்டு வார்த்தை. மெட்ரிக் பள்ளியின் கட்டணத்தை 2009 சட்டப்படி அமைந்த குழு நிர்ணயிக்கும், அந்த உத்தரவைக் காட்டச் சொல்லிக் கேட்க உங்களுக்கு உரிமை உண்டு. கல்வி உரிமைச் சட்டத்தின் 25 சதவீத இலவச இடம் சபைப் பள்ளியில் கிடைக்கும் என்று நம்பி இருந்துவிடாதீர்கள். 2014-இல் உச்ச நீதிமன்றம் சிறுபான்மைப் பள்ளிகளுக்கு அந்தச் சட்டம் பொருந்தாது என்று சொல்லிவிட்டது. கட்டணம் இடித்தால் உதவிபெறும் பள்ளியைத் தாழ்வாக நினைக்க வேண்டாம். அங்கே பலவற்றில் ஆங்கில வழிப் பிரிவும் இருக்கிறது, வாத்தியாருக்கு அரசுச் சம்பளம் என்பதால் வருஷா வருஷம் ஆள் மாறுவதும் குறைவு. மகள் ஆறாம் வகுப்பு என்கிறீர்கள், பெண்கள் பள்ளிக்கு அனுப்ப மனமிருந்தால் அவளை அங்கேயும் மகனைப் பக்கத்துச் சபைத் தொடக்கப்பள்ளியிலும் விடலாம். பாளையங்கோட்டையில் இரண்டுக்கும் இடையே நடந்துபோகிற தூரம்தான் இருக்கும்.

இப்போதைய சேர்க்கை விதிகளைப் பள்ளி அலுவலகத்திலேயே கேட்டுக்கொள்ளுங்கள். முன்பு ஆண்களுக்கோ பெண்களுக்கோ என்றிருந்த பள்ளிகளிலும் விதி மாறியிருக்கலாம். ஏப்ரல், மே மாதத்தில் போனால் முற்பகல் போங்கள், கோயில் வளாகங்களில் வி.பி.எஸ். (விடுமுறை வேதாகமப் பள்ளி) நடக்கும், நூறு பிள்ளைகள் கைதட்டிப் பாடிக்கொண்டிருக்கும். பழைய பள்ளியில் டி.சி. வாங்கும்போது எமிஸ் எண் (கல்வித்துறை ஒவ்வொரு மாணவருக்கும் தரும் எண்) எழுதியிருக்கிறதா என்று அங்கேயே பார்த்துவிடுங்கள். அது இல்லாமல் வந்து, திரும்ப ஒரு நடை அலைந்தவர்களை ஒவ்வொரு ஜூனிலும் பார்த்திருக்கிறேன்.